பாலாவும் தேவியும்: வங்க நடிகை கானன் தேவியின் கலைவாழ்வு



2011ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் இந்திய அஞ்சல்துறை புகழ்பெற்ற நடிகையர் அறுவரின் உருவம் பொறித்த அஞ்சல்தலைகளை வெளியிட்டது. தேவிகா ராணி, மீனா குமாரி, நூதன், லீலா நாயுடு, நம் நடிகையர் திலகம் சாவித்திரி ஆகியோருடன் அவ்வரிசையில் இடம்பெற்றவர் வங்காளத்துக் கானன் தேவி. சாவித்திரியின் முகத்தைத் தமிழ் இல்லங்களில் அறியாதார் இலர். கானன் தேவியின் பெயரோ நம்மில் இளையோர் பலர்க்குப் புதிதாக இருத்தல் கூடும். அஞ்சல்தலை தாங்கிய இப்பெயரை அவருடைய தொடக்ககாலத் திரைப்பட விளம்பரங்களில் தேடினால் காண இயலாது. அங்கே அவர் 'கானன்பாலா'.

பாலா எங்ஙனம் தேவியானார்? இவ்வுரையில் நாம் ஆராயப் புகும் வினா இதுவே. ஒரு சொல்லின் பின்னொட்டு மாறியதாக மட்டும் இதனைக் கொள்ளுதல் கூடாது. ஒரு பெண்ணின் முப்பதாண்டு உழைப்பும், ஒரு சமூகத்தின் தயக்கமும் அவ்விரு சொற்களின் இடையே அடங்கியுள்ளன.

மூன்று பின்னொட்டுகள்

வங்காளத்தில் பெண்களின் பெயருக்குப் பின் வரும் சொல் அவர்தம் சமூக நிலையைச் சொல்லாமற் சொல்லும். அந்தணர் முதலிய உயர்குலத்துப் பெண்கள் 'தேவி' என்று எழுதினர். ஏனையோர் 'தாசி' என்று எழுதினர். தமிழில் தாசி என்னும் சொல்லுக்கு நாம் கொள்ளும் பொருளை ஈண்டு ஏற்றுதல் பொருந்தாது. பணிமகள் என்னும் பொருளில் இல்லறப் பெண்டிர் பலரும் அதனைத் தம் பெயரோடு இணைத்து வழங்கினர். மூன்றாவது 'பாலா'. இளம்பெண் என்பது அதன் பொருள். ஆங்கூர்பாலா, இந்துபாலா எனப் பாடகியர் பலர் இப்பின்னொட்டோடு புகழ்பெற்றனர். குடிப்பெயர் இன்றி, தந்தை பெயர் இன்றி, கணவன் பெயர் இன்றி வழங்கிய இத்தகைய பெயரைக் கேட்ட அளவிலேயே அவர் எத்தகைய தெருவிலிருந்து வந்தவர் என்று நகரத்தார் ஊகித்துக் கொள்வர்.

அவ்வூகத்துக்கு ஒரு வரலாறு உண்டு. கல்கத்தாவின் பொது நாடகமேடையில் தொடக்கத்தில் பெண் வேடங்களை ஆண்களே தாங்கினர். 1873ஆம் ஆண்டில் பெங்கால் தியேட்டர் என்னும் நாடக அரங்கம், கவிஞர் மைக்கேல் மதுசூதன் தத்தரின் கருத்தை ஏற்று, நான்கு பெண்களை மேடையேற்றியது. நால்வரும் கணிகையர் குலத்தினர். வேறெவரும் மேடையேற முன்வாராத காலம் அது. கைம்பெண் மறுமணத்துக்காகப் போராடிய ஈசுவர சந்திர வித்தியாசாகரே இதற்கு உடன்படாது அவ்வமைப்பினின்றும் விலகினார் என்றால், அக்காலத்து மனநிலையை நாம் உணரலாம்.

அடுத்து வந்தவர் பினோதினி தாசி. சிறு வயதில் மேடையேறி, இருபத்து நான்கு வயதை எட்டும் முன்னரே விலகிய அவர், அதற்குள் வங்க நாடகத்தின் பெருநடிகையானார். 1883இல் கல்கத்தாவில் ஒரு புதிய அரங்கம் எழுவதற்காக அவர் தம் வாழ்வையே விலையாகக் கொடுத்தார். அவ்வரங்கிற்கு அவர் பெயரையே சூட்டுவதாக முதலில் பேசப்பட்டது. கட்டடம் எழுந்தபின், ஒரு நடிகையின் பெயர் தாங்கிய அரங்கிற்கு மதிப்புடையோர் வாரார் என்று கூறி, 'ஸ்டார் தியேட்டர்' என்று பெயரிட்டனர். அவ்வேமாற்றத்தைப் பினோதினி தம் வாழ்க்கை வரலாற்றில் எழுதி வைத்துள்ளார். ஆக, நடிகையின் உழைப்பு வேண்டும். பெயர் வேண்டா என்பது அக்காலத்து வழக்கம்.

ஊமைப்படங்கள் வந்தபோதும் இவ்வழக்கம் தொடர்ந்தது. கல்கத்தாவில் பார்சி வணிகர் ஜே. எஃப். மதன் நிறுவிய மதன் தியேட்டர்ஸ், 1919இல் வெளிவந்த முதல் வங்க முழுநீளப் படமாகிய 'பில்வமங்கள்' தொடங்கிப் பல படங்களை எடுத்தது. நற்குடும்பத்து இந்துப் பெண்கள் நடிக்க வாராமையால், பேஷன்ஸ் கூப்பர் போன்ற ஆங்கிலோ இந்தியப் பெண்கள் புராண நாயகியராயினர். ரெனீ ஸ்மித் என்னும் பெண் 'சீதா தேவி' என்னும் பெயரோடு திரையில் தோன்றினார். இங்கும் ஒரு நுட்பம் காண்க. 'தேவி' என்னும் மதிப்பைத் திரைப்பட நிறுவனம் வேண்டுமானால் ஒரு வேடத்தைப் போலச் சூட்டும். அது திரைக்கு வெளியே செல்லாது.

ஐந்து ரூபாய்

கானன் 1916ஆம் ஆண்டு ஹௌராவில் பிறந்தார். கானனம் என்பது காட்டைக் குறிக்கும் வடசொல். நம் 'கானகம்' என்னும் சொல்லுக்கு அணுக்கமானது. தாம் தந்தையாகக் கருதிய ரத்தன் சந்திர தாஸ் மறைந்தபின், தாய் ராஜபாலாவும் சிறுமி கானனும் ஆதரவின்றி நின்றனர். உறவினர் இல்லத்தில் அண்டி, வீட்டுவேலை செய்து வாழும் நிலை நேர்ந்தது. தம் பிறப்பைப் பற்றிப் பிறர் பேசிய பேச்சுகளைக் கானன் தேவி பிற்காலத்தில் தம் நூலில் மறைக்கவில்லை. தாம் ஒரு மனிதப்பிறவி என்பதே தமக்குப் போதிய அடையாளம் என்னும் கருத்துப்பட அவர் எழுதினார்.

குடும்பத்துக்குத் தெரிந்த ஒருவர் வழியாகப் பத்து வயதில் அவர் மதன் நிறுவனத்தின் படப்பிடிப்புத் தளத்துக்கு வந்தார். ஜோதிஷ் பானர்ஜி இயக்கிய 'ஜெயதேவ்' (1926) என்னும் ஊமைப்படம் அவருக்கு முதல் படம். அதற்கு இருபத்தைந்து ரூபாய் பேசப்பட்டதென்றும், சிறுமியின் கைக்கு வந்து சேர்ந்தது ஐந்தே ரூபாய் என்றும் அவர் வரலாறு கூறுவோர் குறிப்பர். கலைவாழ்வின் முதற்பாடம் அது.

1931இல் வங்கத் திரை பேசத் தொடங்கியது. அவ்வாண்டிலேயே கானன் 'ஜோர் பராத்', 'ரிஷிர் பிரேம்', 'பிரகலாத்' ஆகிய படங்களில் தோன்றினார்; ஆண் வேடமும் ஏற்றார். 'ஜோர் பராத்' படப்பிடிப்பில் நடந்த ஒரு நிகழ்ச்சியை அவர் நெடுங்காலம் மறக்கவில்லை. கதாநாயகன் தம்மை முத்தமிடப்போகிறார் என்பது அவருக்கு முன்கூட்டிச் சொல்லப்படவில்லை. ஒளிப்படக்கருவி ஓடிக்கொண்டிருக்கையில் அது நடந்தது. அது இயக்குநரின் ஏற்பாடு என்பது பின்னர்த் தெரிந்தது. பதினைந்து வயதுப் பெண்ணின் ஒப்புதலைக் கேட்கவேண்டும் என்று அங்கு எவர்க்கும் தோன்றவில்லை. அந்த அவமானத்தை நாற்பதாண்டுகளுக்குப் பின்னும் அவர் நினைவுகூர்ந்து எழுதினார் என்பதை நாம் கருதவேண்டும்.

1933 முதல் அவர் ராதா பிலிம் நிறுவனத்தில் பணியாற்றினார். அந்நாளில் பெருவெற்றி பெற்ற படம் 'மான்மயி கேர்ல்ஸ் ஸ்கூல்' (1935). ஊர்ப் பெண்பள்ளிக்கு ஆசிரியராகக் கணவன் மனைவியரே வேண்டும் என்று ஜமீன்தார் விளம்பரம் செய்ய, வேலை தேடும் ஓர் இளைஞனும் ஒரு பெண்ணும் மணமானவர்போல் நடித்துப் பணியிற் சேர்வது கதை. மக்கள் சிரித்து மகிழ்ந்தனர். ஒரு பெண்ணின் மதிப்பு அவள் கல்வியில் இல்லை, பெயரளவிலேனும் ஒரு கணவன் இருப்பதில் உள்ளது என்னும் சமூக வழக்கே அந்நகைச்சுவையின் வேர்.

இக்காலத்தில் ஓர் இழப்பும் நேர்ந்தது. பிரமதேஷ் சந்திர பருவா தம் 'தேவதாஸ்' (1935) படத்தில் பார்வதியாக நடிக்கக் கானனை அழைத்தார். ராதா நிறுவனத்தோடு செய்திருந்த ஒப்பந்தம் குறுக்கே நின்றது. பார்வதி வேடம் ஜமுனாவுக்குச் சென்றது. ஒப்பந்தக் காலம் முடியும்வரை கானன் காத்திருந்தார்.

யானைச் சின்னத்தின் கீழ்

பொறியாளரான பி. என். சர்க்கார் 1931இல் கல்கத்தாவின் டாலிகஞ்சில் நிறுவிய நியூ தியேட்டர்ஸ், யானையைத் தன் சின்னமாகக் கொண்டது. இலக்கியமும் இசையும் திரையோடு கைகோத்த இடம் அது. சரத்சந்திரரின் கதைகள் அங்கே படங்களாயின. ராய்சந்த் போரால், பங்கஜ் மல்லிக் ஆகியோர் இசையமைத்தனர். அங்கே கானன் நடித்த முதற்படம் பருவா இயக்கிய 'முக்தி' (1937).

கலையே வாழ்வெனக் கொண்ட ஓவியன் ஒருவன். அவன் மனைவி சித்ரா. ஒருவரை ஒருவர் விரும்பியும் ஒத்துவாழ இயலாத இருவரின் பிரிவே கதை. மனைவிக்கு விடுதலை தர எண்ணிய ஓவியன், இறந்தவன்போல் மறைந்து அஸ்ஸாமின் காடுகளுக்குச் சென்றுவிடுகிறான். சித்ராவாக நடித்த கானனை வங்காளம் புதுவதாகக் கண்டது. புராணத்து மங்கையாகவும், கேலிக்கதை நாயகியாகவும் அறியப்பட்டவர், தன் கருத்தைத் தானே எடுத்துரைக்கும் நகரத்துப் பெண்ணாகத் தோன்றினார்.

'முக்தி' மற்றொரு வகையிலும் திருப்பமாயிற்று. இரவீந்திரநாத தாகூரின் பாடல்கள் அதில் இடம்பெற்றன; அவற்றுட் சிலவற்றைக் கானன் பாடினார். அந்நாளில் தாகூர் பாடல்கள் பெரும்பாலும் சாந்திநிகேதனத்திலும், பிரம்ம சமாஜத்தார் இல்லங்களிலும், கற்றோர் கூடும் அவைகளிலும் ஒலித்தவை. அவற்றைப் பாடுதற்கு ஒரு குடிப்பிறப்பு வேண்டும் என்பது எழுதா விதி. அவ்விதி திரையரங்கின் இருளில் தளர்ந்தது. ஹௌராவின் ஏழைத் தெருவிற் பிறந்த ஒரு பெண்ணின் குரல்வழியே தாகூரின் பாடல், படிப்பறியா மக்களின் செவிகளையும் சென்றடைந்தது.

அக்குரல் தானாக வாய்த்ததன்று. கானன் தம் பள்ளிக்கல்வியின் குறையை இசைக்கல்வியால் ஈடுசெய்ய முயன்றார். ராய்சந்த் போராலிடமும், பீஷ்மதேவ் சட்டர்ஜியிடமும் பயின்றார். அனாதி தஸ்திதாரிடம் தாகூர் இசையைக் கற்றார். மெகாபோன் இசைத்தட்டு நிறுவனத்தில் கவிஞர் காஜி நஸ்ருல் இஸ்லாமிடம் பயிற்சி பெற்றார். நடிப்பால் ஈட்டிய பொருளின் ஒரு பகுதி மீண்டும் கல்விக்கே சென்றது. முன்பு பாடுவோர் அரங்கின் கடைசி வரிசை வரை கேட்குமாறு குரலை ஓங்கினர். ஒலிவாங்கியின் முன் அது வேண்டுவதில்லை. அண்மையில் நின்று ஒருவரோடு பேசுவது போலப் பாடும் முறையைத் தேர்ந்தவருள் கானனும் ஒருவர்.

தொடர்ந்து வந்தது தேவகி போஸ் இயக்கிய 'வித்யாபதி' (1937). மிதிலை மன்னன் சிவசிங்கனின் அவைக்கு வரும் கவிஞர் வித்யாபதியோடு உடன்வரும் அனுராதா என்னும் பாத்திரம் கானனுக்கு அமைந்தது. அரசனும் அரசியும் காதலின் குழப்பத்தில் தடுமாறுகையில், அன்பு என்பது கைம்மாறு கருதாதது என்று உணர்த்துபவள் அனுராதா. நஸ்ருல் இஸ்லாமும் பங்கு கொண்ட அக்கதையில் எளியவளான அப்பெண்ணே அறிவின் இடமாக நிற்கிறாள். கானனின் நடிப்புக்குச் சிகரம் என்று பலர் கருதுவது இப்படத்தையே. வங்காளத்திலும் இந்தியிலும் எடுக்கப்பட்டமையால், அவர் புகழ் வங்க எல்லையைக் கடந்தது.

1938இல் கே. எல். சைகலுடன் நடித்த 'சாத்தி' வெளிவந்தது; இந்தியில் 'ஸ்ட்ரீட் சிங்கர்' என்பது அதன் பெயர். தெருவில் பாடித் திரிந்த இருவர் கல்கத்தாவுக்கு வருகின்றனர். அவள் மேடையிற் புகழ் பெறுகிறாள், அவன் பின்தங்குகிறான். முடிவில் அவள் புகழைத் துறந்து அவனைப் பின்தொடர்கிறாள். அக்காலத்துத் திரைக்கதைகளில் நடிகைக்கு விதிக்கப்பட்ட நல்ல முடிவு மேடையைத் துறத்தலே. கானனின் சொந்த வாழ்வில் அதே வினா எழுந்தபோது, அவர் வேறு விடை தந்தார்.

ஒரு திருமணமும் ஒரு பரிசும்

1940 டிசம்பரில் கானன், அசோக் மைத்ராவை மணந்தார். மணமகன், கல்கத்தாவின் சிட்டிக் கல்லூரி முதல்வராய் இருந்த ஹேரம்ப சந்திர மைத்ராவின் மகன். ஹேரம்ப சந்திரர் பிரம்ம சமாஜத்தின் கடுமையான ஒழுக்கநெறியாளர். அவரைப் பற்றி வங்காளத்தில் ஒரு கதை வழங்குகிறது. வழிப்போக்கன் ஒருவன் ஸ்டார் தியேட்டர் எங்குள்ளது என்று வினவ, "அறியேன்" என்று சொல்லி நடந்தாராம். பொய் சொல்லிவிட்டோமே என்று மனம் உறுத்தத் திரும்பி ஓடி, "அறிவேன், ஆயினும் சொல்லமாட்டேன்" என்றாராம். கதை மெய்யோ புனைவோ, அக்குடும்பத்தின் மனப்பாங்கை அது காட்டும். பினோதினியின் பெயரை ஏற்க மறுத்த அதே அரங்கம் இக்கதையில் வருவதும் நோக்கத்தக்கது. அவர் உயிரோடிருந்த வரையில் இத்திருமணம் நடைபெறவில்லை.

நடந்தபின் எழுந்த எதிர்ப்புச் சிறிதன்று. மணமக்களுக்கு அன்புப் பரிசு அனுப்பியமைக்காகத் தாகூரே கண்டனத்துக்கு ஆளானார். ஒரு நடிகையின் பாடலைக் கேட்டு மகிழலாம். அவளை மருமகளாக ஏற்பதும் வாழ்த்துவதும் இயலாது என்பதே கற்றோர் உலகின் நிலை. மணத்துக்குப் பின் கானன் நடித்தலாகாது என்னும் எதிர்பார்ப்பும் இருந்தது. அவர் நடிப்பை விடவில்லை. 1941இல் நியூ தியேட்டர்ஸை விட்டு நீங்கிப் பிற நிறுவனங்களின் படங்களில் நடித்தார். 'பரிசய்', 'சேஷ் உத்தர்' ஆகிய படங்களுக்காக வங்காளத் திரைப்பட இதழியலாளர் சங்கத்தின் சிறந்த நடிகை விருதை அடுத்தடுத்துப் பெற்றார். 'சேஷ் உத்தர்' என்றால் இறுதி விடை என்பது பொருள்.

திருமணம் 1945இல் மணமுறிவில் முடிந்தது. ஆயினும் தமக்கு முதன்முதல் சமூக மதிப்பு அளித்தவர் என்று அசோக் மைத்ராவைக் கானன் நன்றியோடே நினைவுகூர்ந்தார். மாமியாரோடும் நாத்தனாரோடும் கொண்ட உறவை முறித்துக்கொள்ளவில்லை. கசப்பைப் பேசுதற்குக் காரணம் இருந்தும் பேசாது விட்ட இப்பண்பு அவர் வாழ்வு முழுவதும் காணப்படுவது.

'ஸ்ரீமதி'

1949இல் அவர் ஹரிதாஸ் பட்டாசார்யாவை மணந்தார். அதே காலத்தில் சொந்தமாக ஒரு படநிறுவனம் தொடங்கினார். அதற்கு அவர் இட்ட பெயர் 'ஸ்ரீமதி பிக்சர்ஸ்'. திருமதி என்று நாம் வழங்கும் மதிப்புச்சொல் அது. பினோதினிக்குக் கட்டடத்தில் மறுக்கப்பட்ட மதிப்பை, கானன் தம் நிறுவனத்தின் பெயர்ப்பலகையில் தாமே எழுதிக்கொண்டார் என்று நாம் கொள்ளலாம்.

முதல் படமாகிய 'அனன்யா'வை, அஜய் கர் முதலியோருடன் கானனும் சேர்ந்து அமைத்த 'சவ்யசாசி' என்னும் குழு இயக்கியது. பின்னர் சரத்சந்திரரின் கதைகளை அந்நிறுவனம் தொடர்ந்து படமாக்கியது. 'மேஜ்தீதி' (1950), 'தர்பசூர்ணா' (1952), 'ஆந்தாரே ஆலோ' (1957) முதலியன அவ்வரிசையில் வந்தவை. 1959இல் வெளியான 'இந்திரநாத் ஸ்ரீகாந்த ஓ அன்னதாதீதி'யில் அன்னதாவாக நடித்ததோடு நடிப்பிலிருந்து ஓய்ந்தார். ஐந்து ரூபாயோடு வீடு திரும்பிய சிறுமி, இப்போது பிறர்க்கு ஊதியம் வழங்கும் இடத்தில் இருந்தார்.

அவ்விடத்தை அவர் தமக்கென மட்டும் வைத்துக்கொள்ளவில்லை. முதுமையிலும் வறுமையிலும் கைவிடப்பட்ட கலைப்பெண்டிர்க்கு உதவ 'மகிளா சில்பி மகால்' என்னும் அமைப்பைத் தோற்றுவித்தார். திரை ஒளியிழந்தபின் நடிகையர் என்னாகின்றனர் என்பதை அவர் அருகிருந்து கண்டவர். 1968இல் பத்மஸ்ரீ விருதும், 1976ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருதும் அவரை நாடி வந்தன. 1992 ஜூலை 17ஆம் நாள் கல்கத்தாவில் மறைந்தார்.

நமக்கு உரிய பாடம்

வங்காளத்து நடிகையின் கதை தமிழர்க்கு எதற்கு என்று சிலர் வினவலாம். தமிழ்த் திரையின் தொடக்கத்தில் கல்கத்தாவுக்கும் பங்குண்டு. கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட், கல்கத்தாவின் பயனியர் நிறுவனத்தோடு இணைந்து 1933இல் 'வள்ளி திருமணம்' படத்தை உருவாக்கினார். அதன் நாயகி டி. பி. ராஜலக்ஷ்மி. 1931இல் வந்த 'காளிதாஸ்' படத்தின் நாயகியும் அவரே. 1936இல் 'மிஸ் கமலா'வைத் தாமே எழுதி இயக்கியவரும் அவரே. கானனைப் போலவே அவரும் சிறு வயதில் வறுமையால் கலைக்கு வந்தவர். ஒருவர்க்குத் 'தேவி' என்பது நிலைத்தது. மற்றவரைத் தமிழ் மக்கள் 'சினிமா ராணி' என்றனர். அதே தமிழில்தான் 'கூத்தாடி' என்னும் பழஞ்சொல் வசையாகவும் வழங்கியது. கூத்தரையும் விறலியரையும் சங்கப் பாடல்களில் போற்றிய மொழி, பிற்காலத்தில் அவர்தம் தொழிற்பெயரைத் தாழ்த்தியது எவ்வாறு என்பது மொழியை ஆராய்வோர் எண்ணத்தக்க வினா.

இங்கே நாம் ஓர் எச்சரிக்கையும் கொள்ளல் வேண்டும். கானன்பாலா கானன் தேவியானதை வெற்றி என்று மட்டும் சொல்லி முடித்தால், பாலா என்னும் பெயர் இழிவானது என்று நாமும் ஒப்புக்கொண்டவர் ஆவோம். பத்து வயதிலிருந்து உழைத்தவரும், 'முக்தி'யில் சித்ராவாக நின்றவரும் ஒருவரே. பின்னொட்டு மாறுமுன்னரும் மதிப்பு அவரிடம் இருந்தது. அதனைக் காணும் கண் சமூகத்துக்குப் பின்னரே வந்தது. ஆங்கூர்பாலாவும் இந்துபாலாவும் அப்பின்னொட்டை மாற்றாமலே பெருங்கலைஞராய் வாழ்ந்தனர்.

1973இல் வெளிவந்த தம் வாழ்க்கை வரலாற்றுக்குக் கானன் தேவி 'ஸபாரே ஆமி நமி' என்று பெயரிட்டார். அனைவரையும் நான் வணங்குகிறேன் என்பது அதன் பொருள். தம்மை ஏற்றவரையும் ஏற்காதவரையும் ஒருசேர வணங்கி விடைபெற்ற அப்பெண்மணிக்கு, இவ்வவையின் சார்பில் நம் வணக்கத்தைத் திருப்பிச் செலுத்தி இவ்வுரையை நிறைவு செய்கிறோம்.